புது வீட்டைப் பழசாக்கியவர்

வாசுபூஜ்யன் தன் வாழ்நாளில் கட்டிய வீடுகளுக்குக் கணக்கில்லை. ஜமீன் மாளிகை, போலீஸ் ஸ்டேஷன், மீனவர் குடிசை, வெள்ளைக்காரன் காலத்துத் தபால் ஆபீஸ். ஒன்றுக்கும் பின்பக்கம் கிடையாது. முன்னால் காரை பெயர்ந்த சுண்ணாம்புச் சுவர் நிற்கும். பின்னால் போய்ப் பார்த்தால் சவுக்குக் கட்டையும் ப்ளைவுட்டும் ஆணியும். படப்பிடிப்பு முடிந்ததும் எல்லாம் லாரியில் ஏறிவிடும்.

பின்பக்கமும் சேர்த்து அவர் கட்டியது ஒரே ஒரு வீடு. செஞ்சியில், சிறுகடம்பூர் போகிற வழியில் இருக்கிறது. கொல்லைக் கதவைத் திறந்தால் ராஜகிரிக் கோட்டை தெரியும்.

அவர் போய் ஒரு வருஷம் ஆகிறது. மகள் ஜினிஷாவுக்கு அந்த வீட்டுக்குள் நுழையும்போது இன்னும் புளியங்கொட்டைப் பசை வாசனை வருகிறது. வர வாய்ப்பில்லை. பசை காய்ச்சிய சட்டியை அம்மா அப்போதே கழுவிக் கவிழ்த்துவிட்டாள். இருந்தும் வருகிறது.

அவர் செய்த வேலைக்கு முதலில் ஆர்ட் டைரக்டர் என்று பெயர். பிறகு புரொடக்‌ஷன் டிசைனர் என்றார்கள். ஊரில் கேட்பவர்களுக்கு அவர் மனைவி ருக்மணி ஒரே விளக்கம்தான் வைத்திருந்தாள். "புதுசா இருக்கறத வாங்கி பழசாக்குவாரு. அதுக்கு சம்பளம் குடுக்கறாங்க."

விளக்கம் தப்பில்லை. கதையில் ஒரு குடும்பம் முப்பது வருஷமாக ஒரு வீட்டில் இருக்கும். அந்த வீட்டை ஆசாரிகள் போன வாரம்தான் அடித்து நிறுத்தியிருப்பார்கள். முப்பது வருஷத்தைச் சுவரில் ஏற்ற வேண்டியது வாசுபூஜ்யனின் வேலை. டீ டிகாக்‌ஷன், விளக்குக் கரி, செம்மண் தண்ணீர், தேங்காய் எண்ணெய் இவைதான் அவருடைய சாமான்கள். மற்றவர்கள் கண்ட இடத்தில் கறையை அடித்துவிட்டுப் போவார்கள். அவர் அப்படி அடிக்க மாட்டார். ஒவ்வொரு கறைக்கும் ஓர் ஆள் வேண்டும் என்பார். கதவுப் பக்கத்தில் கை பட்ட அழுக்கு என்றால் யார் கை, எவ்வளவு உயரம், எதற்காக அங்கே கை வைத்தார் என்று டைரக்டரிடம் போய்க் கேட்பார். டைரக்டர்கள் ஓடி ஒளிவார்கள்.

செஞ்சிப் பக்கத்துச் சமணக் குடும்பத்துக்காரரை ஊர் நயினார் என்று கூப்பிடும். இவர் நயினார் வீட்டுப் பிள்ளை. பொழுது சாய்ந்தபின் சாப்பிட மாட்டார். சினிமாவில் பொழுது சாய்ந்தால்தான் பாதி வேலை ஆரம்பிக்கும். ஆனாலும் வெயில் மஞ்சளாகும்போது ஏணியிலிருந்து இறங்கி, தான் கட்டிய மாளிகைக்குப் பின்னால் சவுக்குக் கட்டைகளுக்கு நடுவில் உட்கார்ந்து கேரியரைத் திறந்துவிடுவார். லைட் ஆட்கள் அவரைப் பார்த்துத்தான் விளக்கை மாட்ட எழுந்திருப்பார்களாம்.

பசை இன்னொரு வம்பு. செட் வேலைக்கு வஜ்ஜிரம்தான் பிடிக்கும் என்பார்கள். மாட்டுத் தோலையும் எலும்பையும் காய்ச்சி எடுக்கிற பசை. அதை அவர் தொடவே இல்லை. அவலூர்பேட்டைச் சந்தையில் புளியங்கொட்டை மூட்டை வாங்கி, பஸ் மேலே போட்டுச் சென்னைக்குக் கொண்டுபோவார். வறுத்து, தோல் நீக்கி, ஊறவைத்து, அரைத்து, கஞ்சியாகக் காய்ச்சி ஒட்டுவார். பசைக்கு ஒன்றும் குறை சொல்ல முடியாது. பசித்தவர்களுக்கு மட்டும் அந்த வாசனை இம்சையாக இருக்கும்.

வருஷத்தில் பாதி நாள் அவர் வீட்டில் இருந்ததில்லை. இருந்த நாட்களிலும் எதையாவது எடுத்துக்கொண்டுதான் போனார். ஜினிஷா பள்ளிக்கூடம் படித்தபோது நடந்தது இது. செஞ்சித் தியேட்டரில் அம்மாவும் அவளும், அவள் நைனா என்று கூப்பிடும் அப்பா வேலை செய்த படம் பார்த்துக்கொண்டிருந்தார்கள். கதாநாயகனின் தாய் இறந்துவிட்டாள். அவன் காலி அடுப்படியில் போய் உட்கார்ந்து, அவளுடைய அஞ்சறைப்பெட்டியை மார்போடு அணைத்துக்கொண்டு அழுகிறான். தியேட்டரே மூக்கை உறிஞ்சியது. ருக்மணி எழுந்து நின்றாள்.

"அடியே, அது என் அஞ்சறைப்பெட்டிடி."

முன்வரிசைகள் திரும்பிப் பார்த்தன. திண்டிவனம் பஸ்ஸில் தொலைந்துவிட்டது என்று அவர் சத்தியம் செய்த பெட்டி அது. அவர் ஊருக்கு வந்ததும் ருக்மணி சண்டை போடவில்லை. ஒரு வாரம் எதையும் தாளிக்கவில்லை. கேட்டதற்கு, "கடுக எதுல வெக்கிறது?" என்று கேட்டாள்.

அப்படிப்பட்ட ருக்மணிக்காகத்தான் அந்த வீடு. சென்னைக்குப் போவதைக் குறைத்துக்கொண்டபிறகு கட்டியது. சுவருக்கு அவர் க்ரீம் கலர் சொன்னார். லேசாகப் பழுப்பு கலந்தால் கண்ணுக்கு இதமாக இருக்கும் என்றார். ருக்மணி சுத்த வெள்ளைதான் என்று முடித்துவிட்டாள். பழுப்பு என்று அவர் ஆரம்பித்தால் அது எங்கே போய் நிற்கும் என்று அவளுக்குத் தெரியும்.

தை மாதம் கிரகப்பிரவேசம். வந்தவர்கள் சாப்பிட்டுப் போனபிறகு, ஆதிநாதர் படத்துக்கு முன்னால் அவரை நிற்கவைத்து ருக்மணி ஒரே ஒரு வாக்குக் கேட்டாள்.

"இந்த வூட்ல மட்டும் நீங்க கை வெக்கக் கூடாது. பழசாவணும்னா அது பாட்டுக்கு ஆவட்டும். நாம ரெண்டு பேரும் இருந்து பழசாக்கிக்கலாம்."

சரி என்றார். ஜினிஷா பக்கத்தில் நின்று கேட்டாள். முழு மனதோடுதான் சொன்னார்.

அந்த வருஷம் ஜினிஷாவுக்குக் குழந்தை உண்டாகியிருந்தது. அவள் ஓசூரில் ஒரு தொழிற்சாலையில் இன்ஜினீயர். வண்டி உதிரிபாகங்களுக்குத் துரு ஏறாமல் பூச்சு போடுகிற பிரிவு. நைனாவுக்கு இது பெரிய வேடிக்கை. "துரு வராம பாத்துக்க உனக்கு சம்பளம். துரு வர வெக்க எனக்கு சம்பளம். ஒரே வூட்ல ரெண்டும்" என்பார். தாய்வீட்டில் பிரசவம் என்றுதான் பேச்சு. ஆனால் டாக்டர் படுக்கையைவிட்டு எழுந்திருக்கக் கூடாது, பஸ் கார் எதுவும் ஏறக் கூடாது என்று சொல்லிவிட்டார். ஆடி மாதம் ருக்மணி பெட்டியோடு ஓசூருக்குப் போனாள். வாசுபூஜ்யன் புது வீட்டில் தனியாக இருந்தார்.

இளவரசன் வந்தது அப்போதுதான். வல்லத்துக்காரன், முதல் படம் எடுக்கிறான். வயதான கணவன் மனைவி, நாற்பது வருஷம் வாழ்ந்த வீட்டை விற்கப்போகிறார்கள், அவ்வளவுதான் கதை. அவலூர்பேட்டையில் ஒரு பழைய வீடு பேசி வைத்திருந்தான். படப்பிடிப்புக்கு முந்தின வாரம் அந்த வீட்டு அண்ணன் தம்பிக்குள் தகராறாகி, ஆளுக்கொரு பூட்டுப் போட்டுவிட்டார்கள். நடிகர்கள் குறித்துக்கொடுத்த நாளோ மாறாது. இளவரசன் கையைப் பிசைந்துகொண்டு வாசுபூஜ்யன் வாசலில் நின்றான்.

இரண்டு பேரும் மோட்டார் சைக்கிளில் அலைந்தார்கள். பனமலையில் ஏரிக்கரையோரம் ஒரு வீடு. வெளியே பார்க்க லட்சணம், உள்ளே தரை முழுக்க மினுமினுக்கும் டைல்ஸ். வல்லத்தில் ஒன்று, சுவர் எல்லாம் கிளிப்பச்சை. பழைய வீடு என்று சொன்னவர்கள் எல்லோரும் அதைப் புதுசாக்கி வைத்திருந்தார்கள். சாப்பாட்டு நேரம் தவறக் கூடாதென்று வாசுபூஜ்யன் அவனைத் தன் வீட்டுக்கே அழைத்து வந்தார். சாப்பிட்டு நிமிர்ந்தபோது மேற்கு ஜன்னல் வழியாக வெயில் வந்து கூடத்துக் கிழக்குச் சுவரில் விழுந்திருந்தது. இளவரசன் அந்தச் சுவரையே பார்த்துக்கொண்டிருந்தான். அவரும் பார்த்தார். அவன் வாய் திறந்து கேட்கவில்லை. "அந்த வெளிச்சந்தான் என்னக் கெடுத்துச்சு" என்று பிறகு ஜினிஷாவிடம் சொன்னார்.

அவர் போட்ட கணக்கு செட்டில் வேலை செய்தவர் போடுகிற கணக்கு. எதுவானாலும் முடிந்ததும் கழன்றுவிடும். ருக்மணி வருவதற்குள் மேலே ஒரு கை வெள்ளை அடித்தால் தீர்ந்தது. பழசாக்கத் தெரிந்தவனுக்குப் புதுசாக்கத் தெரியாதா?

அவருக்குத் தெரியாது. வாழ்நாளில் ஒரு தடவைகூட அவர் அதைச் செய்ததில்லை. அது அப்போது அவருக்கு உறைக்கவில்லை.

பெயின்டர் பாவாடை அவரோடு பல வருஷம் செட்டுகளில் வேலை பார்த்தவர். கூப்பிட்டனுப்பியதும் வந்தார். எந்த வீடு என்று கேட்டுத் தெரிந்துகொண்டு தூரிகையைக் கீழே வைத்தார்.

"அம்மாவுக்குத் தெரிஞ்சா உங்களோட சேத்து என்னையும் வெளிய தள்ளும் நயினாரே."

"தெரியாது. நீ டீய காய வை."

வீட்டை நாற்பது வருஷம் முதியதாக்கினார்கள். விளக்குமாடத்துக்கு மேலே புகை. ஜன்னலுக்குக் கீழே மழை இறங்கிய தடம். ஸ்விட்சைச் சுற்றி விரல் கருமை. அவர் வழக்கப்படி இளவரசனிடம் கேள்வி கேட்டாராம்: கதையில் அந்த அம்மாள் என்ன உயரம், எழுந்திருக்கும்போது எந்தக் கையால் சுவரைப் பிடிப்பாள், சாயங்காலம் எங்கே உட்காருவாள். இளவரசன் எல்லா டைரக்டர்களையும்போல, நீங்களே முடிவு பண்ணுங்க சார் என்று சொல்லிவிட்டுப் போனான். அவர் முடிவு செய்தார். அடுக்களை நிலைக்குப் பக்கத்தில் இடது கைக்கு ஒரு கறை வைத்தார். கிழக்குச் சுவரில், உட்கார்ந்து சாய்ந்தால் பின்னந்தலை படும் இடத்தில், எண்ணெயும் கரியும் கலந்து துணிச்சுருளால் ஒற்றி ஒற்றி ஒரு கறை. பக்கத்தில், சற்று உயரத்தில், இன்னொன்று. அந்தச் சுவரைத் தொடப் பாவாடையை விடவே இல்லை.

படப்பிடிப்பு நல்லபடியாக முடிந்தது. படம் இன்னும் வெளியாகவில்லை. அது வேறு விஷயம்.

ஓசூருக்கு முதல் போன் வந்தது புரட்டாசிக் கடைசியில். ஜினிஷா படுத்திருந்தாள். அம்மா அடுத்த அறையில் துணி மடித்துக்கொண்டிருந்தாள்.

"ஏம்மா, செவுத்துல டீக் கறை இருந்தா, மேல வெள்ளை அடிச்சா நிக்கும் இல்ல?"

"எந்த செவுரு நைனா?"

"பொதுவா கேக்கறேன்."

அடுத்த போனில் இரண்டு கோட் அடித்தால் நிற்குமா என்றார். அதற்கடுத்ததில் மூன்று. மழை ஆரம்பித்தபிறகு வந்த போனில் குரல் இறங்கியிருந்தது. அடிக்கும்போது வெள்ளையாக இருக்கிறது, காய்ந்ததும் அதே இடத்தில் அதே கறை எழுந்து நிற்கிறது, தினமும் காலையில் எழுந்து பார்த்தால் கொஞ்சம் அதிகமாகத் தெரிகிறது என்றார். ஜினிஷா கதவைப் பார்த்துக்கொண்டு, மெல்லிய குரலில் போட்டோ அனுப்பச் சொன்னாள்.

போட்டோ வந்தது. பூச்சுக் குறைகளைப் பார்ப்பதுதான் அவளுடைய தொழில். அன்று குறை கண்ணில் படவில்லை. அவளுக்குத் தெரிந்த வீடு, அவள் வயதானபிறகு எப்படி இருக்குமோ அப்படி இருந்தது. நிலைப் பக்கத்துக் கறை அம்மாவின் கை. பெரியப்பா வீட்டில், வாடகை வீடுகளில், எங்கே இருந்தாலும் அடுக்களைக்குள் நுழையும்போது அம்மா இடது கையால் நிலையைத் தொட்டுவிட்டுத்தான் நுழைவாள். அது நைனாவுக்குத் தெரியும் என்பது ஜினிஷாவுக்கு அதுவரை தெரியாது.

போட்டோவை அழித்துவிட்டு, அவருக்குப் புரிகிறமாதிரி சொன்னாள். டீயின் சாயம் தண்ணீரில் கரைவது. தண்ணீர் பெயின்ட் அடித்தால் ஈரத்தோடு சேர்ந்து மேலே ஏறி வந்துவிடும். எத்தனை கோட் அடித்தாலும் வரும். ஆயில் ப்ரைமர் அடித்து முதலில் அதைப் பூட்ட வேண்டும், பிறகுதான் வெள்ளை. எண்ணெய்க் கறைமேல் அதுவும் நிற்காது. அதை சோடா போட்டுத் தேய்த்து எடுக்க வேண்டும்.

அவர் எதிலோ எழுதிக்கொள்கிற சத்தம் கேட்டது.

"எனக்கு இதெல்லாம் தெரிய வேண்டி வந்ததே இல்லம்மா. நான் செஞ்சது எதுவும் ஒரு மழைய பாத்தது இல்ல."

ஐப்பசியில் பெண் குழந்தை பிறந்தது. வாசுபூஜ்யன் முதல் பஸ் பிடித்து ஓசூருக்கு வந்தார். தலையில் அங்கங்கே பெயின்ட் வெள்ளை. நரை ஏற்கெனவே இருந்ததால் தப்பித்தார். குழந்தையை வாங்கக் கை நீட்டியபோது ருக்மணி அவர் விரல்களைப் பார்த்தாள். நகத்தோரம் டீ ஏறிய பழுப்பு. கல்யாணமான நாளிலிருந்து அந்த நகங்களைப் பார்த்துத்தான் அவர் எந்த மாதிரி வேலை செய்துவிட்டு வந்திருக்கிறார் என்று அவள் தெரிந்துகொள்வாள். இப்போது அவருக்கு வேலை எதுவும் இல்லை என்றுதான் அவளிடம் சொல்லியிருந்தார்.

"எதப் பழசாக்கினீங்க?"

அவர் ஜினிஷாவைப் பார்த்தார். ஜினிஷா குழந்தையைப் பார்த்தாள்.

"வூட்ட" என்றார்.

ருக்மணி குழந்தையை அவர் கையில் கொடுத்தாள். கழுத்தைத் தாங்கிப் பிடிக்கச் சொன்னாள். அன்று மாலை அவருக்குச் சோறு போட்டாள், நேரத்தோடு. ரசம் தாளித்திருந்தது. அதுதான் அவரை மிகவும் பயமுறுத்தியது. பஸ் ஏறும்போது ஜினிஷாவின் கணவரிடம், "தாளிச்சி போட்டுட்டா மாப்ள. இந்த தடவ பெருசு" என்று சொல்லிவிட்டுப் போனார்.

மார்கழியில் டாக்டர் அனுமதி கொடுத்ததும் கார் வைத்துக்கொண்டு குழந்தையோடு செஞ்சிக்குக் கிளம்பினார்கள். திருவண்ணாமலை தாண்டும்வரை ருக்மணி பேசிக்கொண்டே வந்தாள். பிறகு ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு வந்தாள். பாறைக் குன்றுகள் தெரிய ஆரம்பித்தபோது மடியில் இருந்த பையின் ஜிப்பைத் திறந்து மூடிக்கொண்டிருந்தாள். வாழ்நாளில் அவளுக்கென்று புதுசாக வந்த ஒரே பொருள் அந்த வீடு.

வாசுபூஜ்யன் வாசலில் நின்றார். முகம் சவரம் செய்து, வெள்ளை வேட்டி கட்டியிருந்தார். வீட்டுக்குள் வெள்ளை கண்ணைப் பறித்தது. ப்ரைமர் வேலை செய்திருந்தது. விளக்குமாடம் வெள்ளை, ஜன்னல் வெள்ளை, அடுக்களை நிலைப் பக்கம் வெள்ளை. ருக்மணி ஒவ்வொரு அறையாகப் போய்வந்தாள். கடைசியில் கூடத்துக்கு வந்து கிழக்குச் சுவருக்கு முன்னால் நின்றாள்.

அந்தச் சுவர் அப்படியே இருந்தது. அதைத் தேய்க்க ஆள் பலம் வேண்டும் என்றார், பாவாடை கடலைக் காட்டுக்கு மல்லாட்டை பிடுங்கப் போய்விட்டார் என்றார், பொங்கலுக்குள் முடித்துவிடலாம் என்றார்.

ருக்மணி தாழ்ந்த கறையைக் காட்டினாள். "இது யாரு?"

"நீதான்."

"பக்கத்துல?"

"நான்."

அவள் புடவையை ஒதுக்கிக்கொண்டு தரையில் உட்கார்ந்தாள். சுவரில் சாய்ந்தாள். பின்னந்தலை கறைமேல் பொருந்தியது, கறை மறைந்துவிட்டது. எழுந்தபோது இடது கையைச் சுவரில் ஊன்றித்தான் எழுந்தாள்.

"என் தலையில இவ்ளோ எண்ணெயா வெக்கிறேன் நானு?"

"நாப்பது வருஷத்துக்கு சேத்து."

"நாப்பது வருஷம் இங்க யாரு உக்காந்தா?"

அவர் தன் நகங்களைப் பார்த்தார்.

"வாக்குக் குடுத்துட்டு கை வெச்சிட்டீங்க. பொய்யா ஒரு கறை எங்கூட்டு செவுத்துல இருக்கக் கூடாது. ஒண்ணு இதத் தேச்சி எடுங்க. இல்லன்னா உக்காந்து நெசமாக்குங்க. தெனமும். எங்கியும் போவாம."

அவர் இரண்டாவதை எடுத்துக்கொண்டார்.

அதற்குப் பிறகு வந்த வேலைகளை வேண்டாம் என்றார். சென்னையிலிருந்து போன் வந்தால், வீட்டில் ஒரு சுவர் வேலை பாக்கி இருக்கிறது, முடியவில்லை என்பார். கேட்பவர்கள் நிஜமாகவே ஏதோ கட்டட வேலை என்று நினைத்துக்கொண்டார்கள். தினமும் பொழுது சாய்வதற்குள் இருவரும் சாப்பிடுவார்கள். பிறகு கிழக்குச் சுவரில் பக்கத்துப் பக்கத்தில் சாய்ந்துகொள்வார்கள். அவள் மறுநாளைக்குக் கீரை ஆய்வாள். அவர் டிவியில் வருகிற வீடுகளைக் குறை சொல்வார். அந்தக் காலண்டர் பத்து வருஷம் பிந்தினது, அந்தக் கதவுக்கு அந்தத் தாழ்ப்பாள் வராது. அவள் கதையைப் பார்க்கச் சொல்வாள். ஞாயிற்றுக்கிழமை ஜினிஷா வீடியோவில் கூப்பிட்டால் இரண்டு தலையும் சுவரில் சாய்ந்தபடியே பேத்தியைப் பார்க்கும். "டூட்டில இருக்கேன்" என்பார். பக்கத்துத் தலை சிரிக்காமல் கீரையைப் பார்க்கும்.

ஒரு வருஷத்துக்குக் கொஞ்சம் மேலே அப்படி இருந்தார்.

போன வருஷம் பங்குனியில் அவலூர்பேட்டைச் சந்தைக்குப் போக செஞ்சி பஸ் ஸ்டாண்டில் நின்றவர், நெஞ்சைப் பிடித்துக்கொண்டு கீழே உட்கார்ந்தார். பக்கத்தில் இருந்தவர்கள் ஆட்டோவில் ஏற்றினார்கள். ஆஸ்பத்திரி சேருவதற்குள் முடிந்துவிட்டது. ஜினிஷா தொழிற்சாலையில் இருந்தாள். செய்தி வந்தபோது கையில் ஒரு தகடு வைத்திருந்தாள். அதன் பூச்சுக் கனத்தை அளந்து முடித்து, எழுதி வைத்துவிட்டுத்தான் கிளம்பினாள். ஏன் அப்படிச் செய்தாள் என்று இன்றும் அவளுக்குத் தெரியவில்லை.

வருஷம் திரும்பியதும் வீட்டுக்கு வெள்ளை அடிக்க ருக்மணி பாவாடையைக் கூப்பிட்டாள். ஜினிஷாவும் குழந்தையோடு வந்திருந்தாள். ஓசூரிலிருந்து நல்ல ஆயில் ப்ரைமர் ஒரு டப்பா, சோடா, உப்புத்தாள் எல்லாம் எடுத்து வந்திருந்தாள். அந்தச் சுவரைப் பார்த்துக்கொண்டு அம்மா தனியாக உட்கார்ந்திருப்பதை அவளால் வீடியோவில் பார்க்க முடியவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் இப்போதெல்லாம் ஒரு தலை, பக்கத்தில் ஒரு கறை. எடுத்துவிட்டால் நல்லது என்று நினைத்தாள். அம்மாவிடம் இன்னும் சொல்லவில்லை.

பாவாடை மற்ற சுவர்களை முடித்தார். கிழக்குச் சுவரை மட்டும் விட்டுவிட்டு ஏணியை மடக்கினார். "அது என் கை வேல இல்லம்மா. நயினாரு வெச்சது. நீங்களே பாத்துக்குங்க" என்று சொல்லி, டீகூடக் குடிக்காமல் போய்விட்டார்.

ஜினிஷா டப்பாவைத் திறந்து வைத்தாள். அடிப்பதற்கு முன்னால் சுவரைச் சோதித்தாள். வேலையில் செய்கிறபடிதான். டார்ச்சைச் சுவரோடு ஒட்டிச் சாய்த்துப் பிடித்தால் நேர் வெளிச்சத்தில் தெரியாததெல்லாம் தெரியும். முதலில் நைனாவின் கறை. கறுப்பாக, விளிம்பு கலைந்து, அழகாக இருந்தது. விரலால் தொட்டாள். காய்ந்திருந்தது. கரி ஒட்டியது.

டார்ச்சைக் கொஞ்சம் இறக்கினாள். அதற்குக் கீழே, நாலு விரல் தள்ளி, இன்னொன்று இருந்தது. சின்னது. கறுப்பில்லை, வெள்ளைமேல் வெளிர் மஞ்சள். தொட்டாள். மழமழவென்று இருந்தது. முகர்ந்து பார்த்தாள். தேங்காய் எண்ணெய்.

கொஞ்ச நேரம் அவளுக்கு விளங்கவில்லை. பிறகு விளங்கியது. அவர் தன்னை நிமிர்ந்து உட்காருகிற ஆளாக நினைத்துக் கறை வைத்திருந்தார். உண்மையில் உட்கார்ந்தபோது சரிந்து உட்கார்ந்திருக்கிறார். வீடியோவில் அத்தனை ஞாயிற்றுக்கிழமை பார்த்தும் அவள் கவனிக்கவில்லை. எத்தனையோ பேருடைய உயரத்தைக் கேட்டுக் கேட்டு வைத்தவர், தன்னுடையதைத் தப்பாக வைத்துவிட்டார். அம்மாவுடையதில் கீழே ஒன்றும் இல்லை. அவர் வைத்த கறையும் அம்மாவின் தலை பட்ட கறையும் ஒன்றின்மேல் ஒன்று உட்கார்ந்திருந்தன.

"தெரிஞ்சிதா?" ருக்மணி அடுக்களை நிலையில் கை வைத்து நின்றிருந்தாள். "நான் ஆடியிலயே பாத்துட்டேன். பெருக்கும்போது வெயில் பட்டு தெரிஞ்சுது."

ஜினிஷா டார்ச்சை அணைத்தாள். ப்ரைமர் டப்பாவை மூடப் போனாள்.

"ஏன் மூடற? கொண்டாந்தது கொண்டாந்துட்ட. மேல இருக்கறத அடிச்சிடு. அது சினிமாவுக்கு வெச்சது." ருக்மணி வந்து குழந்தையைத் தூக்கிக்கொண்டாள். "கீழ இருக்கறது எங்க வூட்டுது. அது மேல கை வெக்காத."

ஜினிஷா சோடாத் தண்ணீர் போட்டு மேல் கறையைத் தேய்த்தாள். தண்ணீர் கீழே வழியாமல் இருக்க இடது கையால் துணியைச் சுவரோடு அழுத்திப் பிடித்துக்கொண்டாள். கரி வந்தது. எண்ணெய் வந்தது. நாற்பது வருஷம் ஒரு பழைய துணியில் வந்துவிட்டது. காய விட்டு, கீழ்க்கறைக்கு மேலாக டேப் ஒட்டி, ப்ரைமர் அடித்தாள். டேப்பை உரித்தபோது வெள்ளை ஒரு நேர்க்கோட்டில் நின்றது. தொழிற்சாலையில் அதற்குத்தான் பாஸ் போடுவார்கள். இங்கே அது கண்ணை உறுத்தியது. கோட்டை ஆள்காட்டி விரலால் மெதுவாகத் தேய்த்துக் கலைத்தாள். மஞ்சள்மேல் படாமல் நிறுத்தினாள்.

மேற்கு ஜன்னல் வெயில் சுவருக்கு வந்திருந்தது.

"பொழுது சாயுது. கைய கழுவிட்டு வா, சாப்டலாம்" என்றாள் ருக்மணி.

ஆயில் ப்ரைமர் சோப்புக்குப் போகாது. மண்ணெண்ணெய் தேடினாள், வீட்டில் இல்லை. நகத்தோரம் வெள்ளை நின்றுவிட்டது. அப்படியே தட்டின்முன் வந்து உட்கார்ந்தாள். ருக்மணி அந்த விரல்களைப் பார்த்தாள். ஒன்றும் கேட்காமல் சோறு போட்டாள்.